டிரான்ஸ்ஃபர் ஆர்டரை எதிர்த்து கோர்ட்டுக்குப் போனால் நிற்குமா?

‘தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திடுவேன்’ என்ற மிரட்டலைக் கேட்காத அரசு அலுவலகம் இருக்க முடியாது. 17-பி மெமோ கொடுத்தால் விளக்கம் கேட்க வேண்டும், விசாரணை நடத்த வேண்டும். மாறுதலுக்கு இதெல்லாம் தேவையில்லை. ‘நிர்வாக நலன் கருதி’ என்ற மூன்று வார்த்தை போதும். மிரட்டலுக்கு இவ்வளவு பலம் வந்தது இதனால்தான்.

சரி, கோர்ட்டுக்குப் போனால்? மத்திய அரசு ஊழியர் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். மாநில அரசு ஊழியர் என்றால், தமிழ்நாட்டில் இப்போது நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. போகலாம், ஆனால் வாசல் ரொம்பக் குறுகல். பிஹார் ஆசிரியைகள் தொடர்பான ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் எல்லையை வகுத்துவிட்டது: கட்டாய விதி மீறப்பட்டிருக்க வேண்டும், அல்லது உள்நோக்கம் இருக்க வேண்டும். இல்லையென்றால் கோர்ட் தலையிடாது. இந்த ஊரில்தான் வேலை பார்ப்பேன் என்று கேட்கும் உரிமை ஊழியருக்குக் கிடையாது.

‘கணவன் - மனைவி ஒரே ஊரில் இருக்கலாம்னு அரசே சொல்லியிருக்கே?’ என்று பலர் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். 1993-ல் அப்பாஸ் வழக்கில் இதே வாதம் வந்தது. ஷில்லாங்கில் பணியாற்றிய மத்திய அரசு ஊழியரை உத்தரப் பிரதேசத்துக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கில் வேலை, பிள்ளைகளுக்கு அங்கே படிப்பு. தீர்ப்பாயம் உத்தரவை ரத்துசெய்தது. உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. வழிகாட்டுதல்களை அதிகாரி மனதில் கொள்ள வேண்டும், ஆனால் அவற்றுக்குச் சட்டத்தின் பலம் கிடையாது என்றது.

ஜெயித்த வழக்கும் உண்டு. அதிலும் ஷில்லாங் வருகிறது! போபாலில் இருந்த கலால் துறை அதிகாரி சோமேஷ் திவாரி மீது மொட்டைக் கடிதாசி வந்தது. விசாரித்ததில் ஒன்றுமில்லை. ஆனாலும், அவரை ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். தண்டனைக்குப் பதிலாக மாறுதல் கொடுப்பது சட்டவிரோதம் என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவை ரத்துசெய்தது. அவருக்குக் கைகொடுத்தவை ஃபைலில் இருந்த அந்தக் கடிதமும் விசாரணை அறிக்கையும்தான். நம்மூர் மிரட்டல்களோ வாய்மொழியாக வருகின்றன. எழுத்தில் எதுவும் இருக்காது. உள்நோக்கம் என்று சொல்பவர், யாருக்கு, என்ன காரணத்துக்காக என்று விவரம் சொல்லி, அந்த மேலதிகாரியைப் பெயர் குறிப்பிட்டு வழக்கில் சேர்க்க வேண்டும். நாளைக்கும் அவர்கீழ் வேலை பார்க்க வேண்டியவர் எத்தனை பேர் அதற்குத் துணிவார்கள்?

இன்னொரு விஷயம். ஆர்டர் வந்ததும் மெடிக்கல் லீவு போட்டுவிட்டு வக்கீலைத் தேடுவது வழக்கமாகிவிட்டது. இது ஆபத்தான வேலை. குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் புதிய இடத்தில் சேராமலே இருந்தார், வேலை போனது. அது செல்லும் என்று 1989-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மனு கொடுத்தாலும் தடை கிடைக்கும்வரை போய்ச் சேரத்தான் வேண்டும். பணிவிடுப்பு நடந்துவிட்டால் தடை வாங்குவது இன்னும் கஷ்டம்.

அப்படியானால், தவறு கோர்ட்டிலா? முழுக்க இல்லை. மீறப்பட்டதாகச் சொல்ல ஒரு சட்டம் இருந்தால்தானே நீதிபதி பிடித்துக்கொள்வார்! மகாராஷ்டிரம் 2005-ல் தனிச் சட்டமே போட்டது: சாதாரணமாக ஓரிடத்தில் மூன்று ஆண்டு, மாறுதல் ஏப்ரல், மே மாதங்களில், இடையில் மாற்றினால் காரணத்தை எழுத வேண்டும், மேலதிகாரியின் முன் ஒப்புதலும் வேண்டும். கர்நாடகம் ஆசிரியர்களுக்கு 2007-ல் சட்டம் கொண்டுவந்தது. டி.எஸ்.ஆர்.சுப்பிரமணியன் தொடுத்த வழக்கில் 2013-ல் வந்த தீர்ப்புக்குப் பிறகு, ஐஏஎஸ் அதிகாரிகளுக்கும் குறைந்தபட்சம் இரண்டு ஆண்டு என்று விதி வந்தது. கிராம நிர்வாக அலுவலருக்கும் செவிலியருக்கும் மட்டும் அந்தப் பாதுகாப்பு ஏன் கூடாது?

தமிழ்நாட்டில் ஆசிரியர் கலந்தாய்வு நடப்பது அரசாணையின்படி. ஓர் அரசாணையை இன்னொரு அரசாணை மாற்றிவிடும். எல்லாத் துறைக்கும் பொருந்தும் சட்டத்தைப் பேரவையில் கொண்டுவருவதுதான் சரி. அதனால் மாறுதல்கள் நின்றுவிடாது, மகாராஷ்டிரத்திலும் நிற்கவில்லை. ஆனால், அங்கே இடையில் மாற்றும் அதிகாரி ஃபைலில் காரணத்தை எழுதியாக வேண்டும். வழக்கு வந்தால் அந்த ஃபைலைத் தீர்ப்பாயம் கேட்டு வாங்கிப் பார்க்கும்.