துணை நடிகராம், யாருக்குத் துணை?

'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியைப் பற்றிப் பேசினாலே, "நாகேஷ் கலக்கிட்டாரு"ன்னு முடிச்சிடுறோம். அந்தக் காட்சியில் பேய் எங்கே இருக்கு? டி.எஸ். பாலையாவின் முகத்தில் மட்டும்தான். அவர் நடுங்காவிட்டால் நாகேஷின் கதை வெறும் சத்தம்.

'திருவிளையாடல்' (1965) ஹேமநாத பாகவதரின் திமிர் இல்லாமல் விறகு வெட்டியாக வரும் சிவாஜிக்கு என்ன வெற்றி? 'தில்லானா மோகனாம்பாள்' (1968) நாதஸ்வரம் பாலையாவின் தவில் இல்லாமல் நிற்குமா? ஆனாலும் அவரை "துணை நடிகர்"னு ஒதுக்குறோம்.

1936இல் 'சதி லீலாவதி'யில் பாலையா வில்லனாக அறிமுகமானார். எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம், சின்ன வேஷம். எம்.ஜி.ஆர். கண்டிப் பக்கம் பிறந்தவர்னு பெருமை பேசுறோம். அந்தக் கதையின் நாயகன் தப்பி வந்து கூலி வேலை செய்வது இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் என்பதை யார் பேசுறோம்?

நல்லதண்ணியில கொழுந்து பறிக்கிறவங்க பேரு தேயிலை பக்கெட்ல வராது. அதுக்குக் கோபப்படுற நாமளே, படம் பார்த்தா ஹீரோ பேரை மட்டும் சொல்றோம். உழைச்சவங்க பேரைச் சொல்லுங்கன்னு கேட்கிறவங்க, முதல்ல நாம சொல்லிப் பழகணும்.