கை போனபின் வேலை

பழைய ஆங்கிலப் படங்களைப் பார்த்தவர்களுக்கு ஹெரால்டு ரஸ்ஸல் என்ற பெயர் நினைவிருக்கலாம். ஒரே வேடத்திற்காக இரண்டு ஆஸ்கார் பரிசுகள் பெற்ற நடிகர் அவர். ஆனால் இந்தப் பக்கத்தில் அவருக்கு இடம் கொடுப்பது நடிப்புக்காக அல்ல. இரு கைகளையும் இழந்த ஓர் உழைப்பாளி, தன்னைப் போன்றோருக்கு வேலை கொடுங்கள் என்று நாற்பதாண்டுக் காலம் வாதாடினாரே, அதற்காக.

1914இல் கனடாவில் பிறந்து, அமெரிக்காவில் வளர்ந்தவர். பட்டாளத்தில் சேருமுன் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் கடையொன்றின் இறைச்சிப் பகுதியில் வேலை செய்தார். 1944 ஜூன் 6ஆம் நாள் நேசப் படைகள் நார்மண்டிக் கரையில் இறங்கின. அதே நாளில், போர்முனைக்கு வெகுதூரத்தில், வட கரோலினாவில் ஒரு பயிற்சி முகாமில் வீரர்களுக்கு வெடிமருந்துப் பயிற்சி அளித்துக்கொண்டிருந்தார் ரஸ்ஸல். பழுதான திரியால் வெடி அவர் கையிலேயே வெடித்தது. அவர் கைகளைப் பறித்தது எதிரியின் குண்டல்ல, வேலையிடத்து விபத்து. பிரட்டுக்குப் போய் வெட்டுக்கு இறங்கும் நம் தோழர்களுக்கு இதன் பொருள் சொல்லாமலே விளங்கும்.

மருத்துவமனையில் நிஜக் கைபோல் தோன்றும் பிளாஸ்டிக் கை இருந்தது. உலோகக் கொக்கியும் இருந்தது. கொக்கி பார்வைக்கு அழகில்லை, ஆனால் பிடிக்கும், எழுதும், பாரம் தூக்கும். ரஸ்ஸல் கொக்கியையே கேட்டு வாங்கினார்.

அவரை வைத்து இராணுவம் ஒரு செய்திப்படம் எடுத்தது. அதைக் கண்ட டைரக்டர் வில்லியம் வைலர், 1946இல் வெளிவந்த 'தி பெஸ்ட் இயர்ஸ் ஆஃப் அவர் லைவ்ஸ்' படத்தில் அவரை நடிக்க வைத்தார். போர் முடிந்து ஊர் திரும்பும் மூவரின் கதை அது. ஒருவன் விமானப்படை அதிகாரி. பழைய மருந்துக்கடைக்கே கூலிக்குத் திரும்புகிறான். இன்னொருவன் பாங்கி அதிகாரி. அடமானம் வைக்க ஒன்றுமில்லாத முன்னாள் வீரனுக்குக் கடன் கொடுத்துவிட்டு, மேலிடத்திற்குப் பதில் சொல்ல வேண்டியதாகிறது. கையிழந்த கப்பற்படை வீரனாக ரஸ்ஸல். கொக்கிகளைக் கழற்றினால் கதவைக்கூடத் தன்னால் திறக்க முடியாது என்று, தான் மணக்கவிருக்கும் பெண்ணுக்கு இரவில் காட்டுகிறானே, அந்தக் காட்சியில் அழுகையை வரவழைக்கும் வித்தை எதுவும் இல்லை. உள்ளது உள்ளபடி நிற்கிறது.

1947இல் பரிசளிப்பு நடந்தது. போட்டியில் அவர் வெல்லமாட்டார் என்றெண்ணிய கழகத்தார், சக வீரர்களுக்கு நம்பிக்கையும் துணிவும் ஊட்டியதற்கென ஒரு சிறப்புப் பரிசை ஒதுக்கி வைத்தார்கள். அதே இரவில் துணை நடிகர் பரிசும் அவருக்கே கிடைத்தது! இத்தனைக்கும் பிறகு, கையில்லாதவருக்குச் சினிமாவில் அதிகம் வேலை இராது, கல்லூரிக்குப் போ என்றுதான் வைலர் புத்தி சொன்னார். ரஸ்ஸல் பாஸ்டன் பல்கலைக் கழகத்தில் படித்து 1949இல் பட்டம் பெற்றார்.

பின்னர் 'ஆம்வெட்ஸ்' என்னும் முன்னாள் வீரர் சங்கத்திற்கு மும்முறை தேசியத் தலைவரானார். 1964இல் ஜனாதிபதி ஜான்சன், உடற்குறையுள்ளோருக்கு வேலை தேடித்தரும் கமிட்டிக்கு அவரைத் தலைவராக்கினார். சம்பளமில்லாத அப்பதவியில் 1980களின் இறுதிவரை இருந்தார். உடற்குறையைக் காட்டி வேலை மறுப்பதைத் தடுக்கும் அமெரிக்கச் சட்டம் 1990இல்தான் நிறைவேறியது. ஒரு சட்டத்திற்கு எத்தனை காலம்!

1992இல் மனைவியின் மருத்துவச் செலவுக்கென்று துணை நடிகர் பரிசை ஏலத்தில் விற்றார். 60,500 அமெரிக்க வெள்ளி கிடைத்தது. சினிமாக் கழகத்தார் முகம் சுளித்தார்கள். சுளிக்கட்டும், பரிசுச் சிலை ஆஸ்பத்திரிக் கணக்கைத் தீர்க்காது என்பது அவருக்குத் தெரியும். வீரர்களுக்காகக் கொடுத்த சிறப்புப் பரிசை மட்டும் அவர் விற்கவில்லை. 2002இல், தமது 88ஆம் வயதில் காலமானார்.

நம் நாட்டில் 1969ஆம் ஆண்டுச் சமூகப் பாதுகாப்புச் சட்டம், வேலையில் ஊனமுற்ற தொழிலாளிக்குப் பணம் கிடைக்க வழி செய்தது. அது போராடிப் பெற்ற உரிமை, விடக்கூடாது. ஆனால் பணம் வாங்கியபின் அந்தத் தோழர் மறுநாள் எங்கே போவார்? நிறுவையில், நாற்று மேடையில், ஸ்டோரில், ஆபீசில் அவரால் செய்யக்கூடிய வேலை உண்டா இல்லையா? இதைக் கிளைச் செயலாளர்கள் நிர்வாகத்திடம் எழுத்தில் கேட்க வேண்டும். எழுத்திலேயே பதிலும் வாங்க வேண்டும். மனுவை எழுதிக்கொடுப்பதில் கிராணிமார் முன்வந்து உதவ வேண்டுகிறோம்.