பிள்ளை வளர்த்தவர் செய்த குற்றம்

அநாதைப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிறவருக்கு அரசியல் எதற்கு? இப்படிக் கேட்பவர்கள் எல்லா நாட்டிலும் உண்டு, நம்மூரிலும் பஞ்சமில்லை. அவர்கள் ஆப்பிரிக்க நாடான புருண்டியின் மார்கெரித் பராங்கிட்சேயின் கதையைக் கேட்கட்டும்.

1993 அக்டோபர் 21. மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்த முதல் ஹுட்டு இன அதிபரை ராணுவத்தினர் கொன்றார்கள். நாடு பற்றி எரிந்தது. மூன்றாம் நாள், ருயிகி நகரில் ஆயர் இல்லத்தில் அடைக்கலம் புகுந்திருந்த ஹுட்டு மக்களைத் துட்சிக் கும்பல் சூழ்ந்துகொண்டது. மார்கெரித் துட்சி இனத்தவர். வந்தவர்களும் அவருடைய இனத்தவர்தான். அவரை நாற்காலியில் கட்டிப்போட்டுவிட்டு, அவர் கண்முன்னே 72 பேரை வெட்டிச் சாய்த்தார்கள். கையிலிருந்த பணத்தைக் கொடுத்துப் பேரம் பேசி அவர் மீட்டது 25 பிள்ளைகளை.

அப்படிப் பிறந்ததுதான் ‘மேசோன் ஷாலோம்’, அமைதி இல்லம். பிறகு அங்கே ஆயிரக்கணக்கில் பிள்ளைகள் வந்தார்கள். வரிசையாகப் பாய் விரித்து, மணியடித்துச் சோறு போடும் விடுதியாக அதை நடத்த அவருக்கு மனமில்லை. உறவினரைத் தேடிப் பிடித்துப் பிள்ளைகளை ஒப்படைத்தார். யாருமற்றவர்களுக்குச் சிறு வீடுகள் கட்டிக் கொடுத்தார். ஹுட்டுப் பிள்ளையும் துட்சிப் பிள்ளையும் ஒரே கூரையின் கீழ் அண்ணன் தங்கையாக வளர்ந்தார்கள். ஊருக்கு ஒரு திரையரங்கம் வந்தது. 2008-இல் மருத்துவமனையும் வந்தது. திரையரங்கம் ஆடம்பரம் என்று நினைப்பவர்கள் பிணங்களுக்கு நடுவே வளர்ந்த பிள்ளையைப் பார்த்ததில்லை.

2015-இல் அதிபர் நுகுருன்சிசா மூன்றாம் முறையும் பதவிக்கு நிற்கத் துணிந்தார். எதிர்த்து வீதியில் இறங்கிய இளைஞர்களைக் காவல்துறை சுட்டது. மார்கெரித் அந்த இளைஞர்களின் பக்கம் நின்றார். உயிருக்கு ஆபத்து வந்ததால் ருவாண்டாவுக்குத் தப்பினார். அரசு, மேசோன் ஷாலோமின் வங்கிக் கணக்குகளை முடக்கியது. அவர் மேல் இருந்த கோபத்தைப் பிள்ளைகளின் சோற்றில் காட்டிய இழிசெயல் அது.

அவர் வாய்மூடி இருந்திருக்க வேண்டுமா? கூடாது. தான் வளர்த்த தலைமுறை தெருவில் சாகும்போது பேசாதவர் தாயாக இருக்க முடியாது. 1993-இல் கும்பலின் முன் நின்றதும் 2015-இல் அரசின் முன் நின்றதும் ஒரே செயல்தான். முதலாவதைப் போற்றிவிட்டு இரண்டாவதை மட்டும் அரசியல் என்று ஒதுக்குவது நேர்மையல்ல.

2016-இல் உலகம் அவருக்கு முதல் அரோரா பரிசை வழங்கிக் கைதட்டியது. நல்லது. ஆனால், அண்டை நாட்டு அகதி முகாமில் மறுபடியும் முதலிலிருந்து தொடங்கியவருக்குக் கைதட்டல் போதாது. அவர் ருயிகிக்குத் திரும்பிச் செல்ல புருண்டி வழிவிட வேண்டும். கைதட்டிய உலகம் அதைக் கேட்டு வாங்கித் தர வேண்டும்.