காசு கொடுத்து மண் தோண்டலாமா?



போன மாதம் நான் போட்ட படத்தைப் பார்த்துவிட்டு நிறையப் பேர் கேட்டிருந்தீர்கள். முழங்கால் வரை சேறு, தலையில் மழைத் தொப்பி, கையில் கொத்தனார் கரண்டி. "டீச்சர், லண்டன்ல கட்டட வேலைக்குச் சேந்துட்டீங்களா?" என்று பழைய மாணவர் ஒருவர் கிண்டல் செய்திருந்தார். அவருக்கும் சேர்த்துத்தான் இந்தப் பதில். கொஞ்சம் நீளம். பொறுமையாகப் படியுங்கள்.

முதலில், அது லண்டன் இல்லை. இங்கிலாந்தின் வடக்கே, நார்தம்பர்லாந்தில் உள்ள விண்டோலாண்டா என்ற இடம். ரோமானியப் படை தங்கியிருந்த கோட்டை. பேரரசர் ஹேட்ரியன் கி.பி. 122-ல் கட்டத் தொடங்கிய சுமார் 117 கிலோமீட்டர் நீளச் சுவரைப் பற்றிப் பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு வரியில் சொல்லிவிட்டுக் கடந்திருக்கிறேன். அந்தச் சுவருக்குச் சற்றுத் தெற்கே, சுவருக்கும் முன்பே எழுந்த கோட்டை இது. ஒன்றை இடித்து அதன் மேல் இன்னொன்று என்று ஒன்பது கோட்டைகள் அடுத்தடுத்து இங்கே இருந்திருக்கின்றன.

ஒவ்வொரு முறையும் பழைய மரக் கட்டடங்களைத் தரைமட்டமாக்கி, களிமண்ணும் புல்கட்டிகளும் போட்டு மூடிவிட்டுப் புதியதைக் கட்டினார்கள். அதனால் அடியில் இருந்த அடுக்குகளுக்குக் காற்றே போகவில்லை. சாதாரணமாக மண்ணில் மக்கிப்போகும் மரம், தோல், துணி எல்லாம் 1900 ஆண்டுகள் கழித்தும் அங்கே கிடைக்கின்றன. ஆயிரக்கணக்கான செருப்புகளும் காலணிகளும் வந்திருக்கின்றன. 2017-ல் குத்துச்சண்டைக் கையுறைகள் கூடக் கிடைத்தன.

அங்கே ஒவ்வோர் ஆண்டும் வசந்த காலத்தில் தொடங்கி இலையுதிர் காலத் தொடக்கம் வரை அகழாய்வு நடக்கிறது. நடத்துவது 1970-ல் தொடங்கிய ஓர் அறக்கட்டளை. கட்டணம் கட்டினால் பொதுமக்களும் சேர்ந்து தோண்டலாம். முன் அனுபவம் வேண்டாம். தங்கும் செலவு, சாப்பாடு நம் பொறுப்பு. இடங்கள் சீக்கிரம் நிரம்பிவிடும் என்பதால் பல மாதங்களுக்கு முன்பே மகள் எனக்கு முன்பதிவு செய்துவிட்டாள். செய்து கொடுத்துவிட்டு, "மண்ணு அள்ளவாம்மா ஃப்ளைட் ஏறி வர்றீங்க?" என்று சிரித்ததும் அவள்தான்.

என் தம்பி சிரிக்கவில்லை. "அக்கா, இந்தக் காசுக்குப் பாரிஸ், சுவிஸ் எல்லாம் பத்து நாளில் பார்த்திருக்கலாம். காசையும் கொடுத்து கூலி வேலையும் பார்ப்பாங்களா?" என்றான்.

நியாயமான கேள்வி. நான் இரண்டு வாரம் அங்கே வேலை பார்த்தேன். என் கருத்து: பணி ஓய்வுக்குப் பிறகு நான் செலவழித்த காசிலேயே உருப்படியான காசு அதுதான். காரணத்தைச் சொல்கிறேன்.

காலையில் போனால் மண்வெட்டி, கரண்டி, வாளி, தள்ளுவண்டி. மூட்டு வலிக்காரியான எனக்கு முழங்காலுக்கு அடியில் போட ஒரு மெத்தைப் பலகை. என் குழியில் ஓய்வுபெற்ற பேருந்து ஓட்டுநர் ஒருவரும், ஒரு செவிலியரும், கல்லூரி மாணவி ஒருத்தியும் இருந்தார்கள். மேலே நின்று கண்காணிக்கத் தொல்லியலாளர்கள். மழை பெய்தால் நனைய வேண்டியதுதான். முதல் ஒன்பது நாளில் எனக்குக் கிடைத்தது மாட்டு எலும்பு, துருப்பிடித்த ஆணிகள், ஒரு பை நிறையப் பானை ஓடுகள். அவ்வளவுதான். தங்க நாணயம் எதிர்பார்த்துப் போகிறவர்கள் மூன்றாம் நாளே ஊருக்குக் கிளம்பிவிடலாம்.

பத்தாம் நாள், மண்ணுக்குள் கறுப்பாக ஏதோ தெரிந்தது. தோல். கொஞ்சம் சுரண்டியதும் வரிசையாக ஆணித் தலைகள். ஒரு காலணியின் அடிப்பாகம், சிறியது. என் கை தானாகவே அதைப் பிடித்து இழுக்கப் போனது. பக்கத்தில் நின்ற தொல்லியலாளர், "நிறுத்துங்கள், கையை எடுங்கள்" என்றார். கோபமாக இல்லை. ஆனால் உறுதியாக.

பிறகு அவர்கள் படம் எடுத்தார்கள். எந்த அடுக்கு, எவ்வளவு ஆழம், எந்தச் சுவருக்கு எவ்வளவு தூரம் என்று அளந்து எழுதினார்கள். எண் போட்ட சீட்டு ஒன்று தயாரானது. அதற்குப் பிறகுதான் அது மண்ணைவிட்டு வெளியே வந்தது. நான் குழி ஓரத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போதுதான் எனக்கு 1987 ஞாபகம் வந்தது.

அந்த ஆண்டு நான் ஒரு கிராமத்துப் பள்ளியில் வேலைக்குச் சேர்ந்து மூன்றாம் வருடம். எட்டாம் வகுப்புப் பையன் ஒருவன் ஒரு மண் கிண்ணத்தைத் துணியில் சுற்றிக் கொண்டுவந்தான். உள்ளே கறுப்பு, வெளியே சிவப்பு. "டீச்சர், எங்க தோட்டத்துப் பக்கம் மேட்டுல பெரிய பெரிய தாழி இருக்கு. அதுக்குள்ள இருந்துச்சு" என்றான். எனக்கு ஒரே சந்தோஷம். வகுப்பில் எல்லோரையும் கைதட்டச் சொன்னேன். கண்காட்சி வந்துகொண்டிருந்தது. "இன்னும் கிடைக்குதா பாருங்கப்பா" என்று சொல்லிவிட்டேன்.

இரண்டு சனி, ஞாயிறில் பிள்ளைகள் கடப்பாரையோடு போய் அந்த மேட்டையே புரட்டிவிட்டார்கள். மூன்று கூடை ஓடுகள் வந்தன. தாழிகளை உடைத்துத்தான் உள்ளே இருந்ததை எடுத்தார்கள். உள்ளே இருந்த மண்ணையும் எலும்பையும் கொட்டிவிட்டார்கள். நல்லதாகத் தெரிந்ததை மட்டும் எடுத்து வந்தார்கள். கண்காட்சியில் எங்களுக்கு முதல் பரிசு. சில வருடங்கள் கழித்து, பள்ளிக்கு வெள்ளையடித்தபோது அலமாரியைக் காலி செய்தவர்கள் அந்த ஓடுகளைக் குப்பையில் போட்டுவிட்டார்கள்.

பிள்ளைகள் மேல் தப்பே இல்லை. டீச்சர் சொன்னதைச் செய்தார்கள். தப்பு என்னுடையது. முதுமக்கள் தாழி என்றால் என்ன என்று பாடம் நடத்தத் தெரிந்த எனக்கு, ஒரு தாழியைக் கண்டால் என்ன செய்யக்கூடாது என்று தெரியவில்லை. எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை என்பது உண்மைதான். கேட்டுத் தெரிந்துகொள்ள நானும் முயலவில்லை என்பதும் உண்மை.

ஒரு பொருள் எங்கே, எதற்குப் பக்கத்தில், எந்த அடுக்கில் கிடந்தது என்பது அந்தப் பொருளைவிட முக்கியம் என்று பாடப்புத்தகத்தில் படித்திருக்கிறேன். அது எவ்வளவு உண்மை என்று அந்தக் குழியில்தான் உறைத்தது.

ஓர் உதாரணம். அந்தக் காலத்தில் ரோமானியச் சாதாரணப் படைவீரர்கள் சட்டப்படி மணம் செய்துகொள்ள முடியாது. ஆகவே கோட்டைக்குள் ஆண்கள் மட்டும்தான் இருந்திருப்பார்கள் என்று நீண்ட காலம் எண்ணினார்கள். விண்டோலாண்டாவில் பெண்களின், குழந்தைகளின் காலணிகள் கோட்டைக்குள்ளேயே கிடைத்தன. அதனால் அந்தப் படம் மாறியது. யாராவது அவற்றைப் பிடுங்கி எடுத்துக் கடையில் விற்றிருந்தால் அவை வெறும் பழைய செருப்புகள். எங்கே கிடந்தன என்ற குறிப்பு இருந்ததால்தான், சட்டம் இல்லை என்று சொன்ன குடும்பங்கள் நமக்குத் தெரியவந்தன.

இன்னொன்று. 1973-ல் ராபின் பர்லி என்ற தொல்லியலாளர் அங்கே மரச் சீவல் போன்ற மெல்லிய பலகைத் துண்டுகளைக் கண்டார். பிரித்துப் பார்த்தால் உள்ளே மை எழுத்து. காற்றுப் பட்டதும் எழுத்து மங்கத் தொடங்கியது. பிறகு அகச்சிவப்புப் புகைப்படத்தின் உதவியால் படித்தார்கள். அப்படித் தொடங்கி நூற்றுக்கணக்கான கடிதங்களும் கணக்குகளும் வந்தன. கி.பி. 100-ஐ ஒட்டி, ஓர் அதிகாரியின் மனைவி தன் தோழியைப் பிறந்தநாளுக்கு அழைத்த கடிதம் அதில் ஒன்று. கடைசியில் சில வரிகளைத் தன் கைப்படவே எழுதியிருக்கிறார். காலுறையும் உள்ளாடையும் அனுப்பியதைச் சொல்லும் கடிதம் ஒன்று உண்டு.

என்னை நிமிர்ந்து உட்கார வைத்தது ஒரு கணக்குப் பலகை. கேம்பாக்ஸ் என்ற ஆள் பெயருக்கு நேரே, மிளகு, இரண்டு தெனாரியஸ் என்று குறித்திருக்கிறார்கள். அந்தக் காலத்து மிளகு நம் மேற்குக் கடற்கரையிலிருந்துதான் ரோமுக்குப் போனது. முசிறியில் யவனர் கப்பல்கள் மிளகு ஏற்றிப் போனதை அகநானூறு சொல்கிறது. அந்த மிளகு பிரிட்டனின் குளிர்ந்த மூலையில் ஒரு சிப்பாயின் கணக்கு வரை போயிருக்கிறது! இதையும் யாரோ அவசரமாகக் கடப்பாரை போட்டிருந்தால், மரச் சீவல் என்று சேற்றோடு போயிருக்கும். என் மாணவர்கள் கொட்டிய தாழி மண்ணில் என்ன இருந்தது என்று இனி யாரும் சொல்ல முடியாது.

சரி, இப்போது என் தம்பியின் கேள்விக்கு வருகிறேன். காசு கொடுத்து ஏன் கூலி வேலை பார்க்க வேண்டும்?

நாம் போடும் மண்ணைவிட, நமக்குச் சொல்லித்தரும் நேரம்தான் அவர்களுக்குச் செலவு. தோண்டுவது ஒரு மணி நேரம் என்றால் அதைக் கழுவ, எண்ணிட, பாதுகாக்க, அறிக்கை எழுத எத்தனையோ மணி நேரம். அதற்கு நம் கட்டணமும் உதவுகிறது. இது வசதியுள்ளவர்களின் பொழுதுபோக்கு என்று சிலர் சொல்வார்கள். ஓரளவு உண்மை. நானும் மகள் வீட்டில் தங்கியதால்தான் என் ஓய்வூதியம் தாங்கியது. ஆனால் எப்படியும் வெளிநாடு போகிறவர்கள் பலர் நம்மில் இருக்கிறோம். பேரப்பிள்ளைகளைப் பார்க்கப் போய், மூன்று மாதம் நான்கு சுவருக்குள் டி.வி. பார்த்துவிட்டுத் திரும்புகிறோம். அவர்களுக்குத்தான் சொல்கிறேன்.

போக நினைப்பவர்கள் நான்கு விஷயங்களைக் கேளுங்கள். அகழாய்வுக்கு முறையான அனுமதி இருக்கிறதா? தகுதியுள்ள தொல்லியலாளர் கூடவே நிற்கிறாரா? கிடைக்கும் பொருள்கள் எந்த அருங்காட்சியகத்துக்குப் போகின்றன? அறிக்கை வெளியிடுகிறார்களா? இவற்றில் ஒன்றுக்குக்கூட மழுப்பலான பதில் வந்தால் போகாதீர்கள். "கிடைத்ததை நீங்களே எடுத்துச் செல்லலாம்" என்று யாராவது ஆசை காட்டினால் ஓடி வந்துவிடுங்கள். அது 1987-ல் நான் செய்த வேலை, கட்டணம் மட்டும் கூடுதல்.

விசா பற்றியும் ஒரு வார்த்தை. பிரிட்டனுக்குப் பார்வையாளர் விசாவில் போகிறவர்கள் பதிவுபெற்ற அறக்கட்டளையில் 30 நாள் வரை தன்னார்வ வேலை செய்ய இடமுண்டு. ஆனால் பயணத்தின் முக்கிய நோக்கம் அதுவாக இருக்கக் கூடாது. போவதற்கு முன் அப்போதைய விதியைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

போக முடியாதவர்கள் வருத்தப்பட வேண்டாம். அங்கே நான் கற்றதில் முக்கியமான பாகத்துக்கு விமானச் சீட்டு தேவையில்லை. நம் ஊரில் கிணறு வெட்டும்போதோ, வீட்டுக்குக் கடைக்கால் தோண்டும்போதோ தாழியோ பழைய பானையோ தெரிந்தால் வேலையை நிறுத்துங்கள். எடுக்காதீர்கள். கழுவாதீர்கள். இருந்த இடத்திலேயே படம் எடுத்துவிட்டு, வி.ஏ.ஓ.விடமோ தாசில்தாரிடமோ சொல்லுங்கள். 1878-ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படியே பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள புதைபொருள் கிடைத்தால் மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும். நான் வேலைக்குச் சேர்ந்தபோது அந்தச் சட்டத்துக்கு வயது நூறு தாண்டிவிட்டது. எனக்குத்தான் தெரியவில்லை.

இன்று பணியில் இருக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். பிள்ளை ஒருவன் ஓடு ஒன்றைக் கொண்டுவந்தால் பாராட்டுங்கள். பாராட்டிவிட்டு, "இன்னும் கொண்டுவா" என்று சொல்லாதீர்கள். "எங்கே இருந்தது, காட்டு" என்று கேட்டு அவனோடு நடந்து போய்ப் பாருங்கள்.

அந்தக் கிண்ணம் கொண்டுவந்த பையனுக்கு இப்போது ஐம்பது வயது இருக்கும். இதைப் படிக்கிறாயா என்று தெரியாது தம்பி. படித்தால் கூப்பிடு. அந்த மேடு இன்னும் கொஞ்சமாவது மிச்சம் இருக்கிறதா என்று நாம் இருவரும் போய்ப் பார்த்துவிட்டு வருவோம். இந்த முறை கடப்பாரை வேண்டாம்.