இல்லம் பேணல்: குளிர்காலத்தில் ஆமைத் தொட்டி

டில்லியில் வாழும் நம்மவர் வீடுகளில் குழந்தைகள் ஆசையோடு வளர்க்கும் சிற்றுயிர்களுள் சிவப்புக்காது ஆமையும் ஒன்று. கண்ணுக்குப் பின்னே சிவப்புக் கீற்றுடைய இவ்வாமை அமெரிக்காவின் மிஸிஸிப்பி ஆற்றுப் பகுதியைச் சேர்ந்தது. சென்னையில் இதற்குக் கதகதப்பு ஊட்டும் தேவை பெரிதும் எழுவதில்லை. ஜனவரி இரவுகள் சிலவற்றில் வெப்பம் 5 டிகிரிக்கும் கீழே இறங்கிவிடும் டில்லியிலோ நிலைமை வேறு.

ஆமை தன் உடற்சூட்டைத் தானே உண்டாக்கிக்கொள்ளும் பிராணி அன்று. சூழ்நிலையின் சூடே அதன் சூடு. 'குளிர் வந்தால் தூங்கிவிடும், விட்டுவிடலாம்' என்று கருதுவோர் உளர். இயற்கையில் அது குளிர்காலத்தில் ஒடுங்கிக் கிடப்பது உண்மையே. ஆயினும், வீட்டினுள் நிலவும் 15 டிகிரி அளவான நடுத்தரக் குளிரில் அது முற்றும் ஒடுங்குவதுமில்லை. உண்டதைச் செவ்வனே செரிப்பதுமில்லை. நாளடைவில் நலிந்து, நுரையீரல் நோய்க்கும் ஆளாகலாம். இரை எடுக்காமை, ஒருபுறம் சாய்ந்து மிதத்தல், மூக்கில் குமிழி ஆகியவை தோன்றினால் கால்நடை மருத்துவரிடம் காட்டுதல் வேண்டும்.

பதற்றத்தில் சிலர் செய்யக்கூடிய காரியங்கள் நோயினும் கொடியவை. தொட்டியில் கொதிநீர் ஊற்றுதல் ஆமையைக் கொல்லும். துணி சுற்றிய பெட்டிக்குள் பல்பை எரியவிடுதல் தீயை விளைவிக்கும். கதவைச் சாத்தி அங்கீட்டி மூட்டினாலோ, அதிலிருந்து எழும் கார்பன் மோனாக்ஸைடு வாயு உறங்கும் குடும்பத்தையே மாய்த்துவிடும்.

முறையான வழி எளிதே. சூட்டைத் தானே கட்டுப்படுத்தும் தெர்மோஸ்டாட் பொருந்திய மீன்தொட்டி ஹீட்டரைக் கொண்டு, நீரை 24 முதல் 27 டிகிரி வரை வைத்திருக்க வேண்டும். ஆமை மோதிக் கண்ணாடி உடையாதபடி ஹீட்டருக்கு உறை அவசியம். தெர்மோஸ்டாட்டை மட்டும் நம்பாமல், தனி வெப்பமானி ஒன்றையும் வைத்து நாள்தோறும் பாருங்கள்.

தொட்டியின் ஒரு முனையில் நீருக்கு மேலே உலர்ந்த மேடை அமைத்து, பகலில் விளக்கொளியால் 30 முதல் 32 டிகிரி வரை சூடேற்றலாம். மறுமுனை சற்றுக் குளிர்ந்தே இருக்கட்டும். வேண்டிய இடத்தை ஆமையே தேர்ந்துகொள்ளும். விளக்கை ஒயரில் தொங்கவிடாமல், பீங்கான் ஹோல்டரில் பொருத்தி, உறுதியான தாங்கியில் திருகி வையுங்கள். திரைச்சீலை அருகில் இருத்தலாகாது.

நீரும் மின்சாரமும் சேருமிடத்தில் அலட்சியம் ஆகாது. ஒயர், பிளக்குக்குக் கீழே தாழ்ந்து வளைந்து பின் மேலேறட்டும். வழியும் நீர் அவ்வளைவிலேயே சொட்டிவிடும். எர்த் இணைப்பும், மின்கசிவு ஏற்பட்டால் உடனே மின்சாரத்தைத் துண்டிக்கும் ஆர்.சி.சி.பி.யும் உள்ளனவா என எலக்ட்ரீஷியனைக் கொண்டு சோதியுங்கள். நீரில் கை வைக்கும் முன் பிளக்கைக் கழற்றுங்கள். நீரை மாற்றுவதானால், கழற்றிக் கால்மணி நேரம் சென்றபின் மாற்றுங்கள். சூடான ஹீட்டர் நீரின்றி நின்றால் வெடிக்கும்.

ஆமையைத் தொட்ட கைகளைச் சோப்பிட்டுக் கழுவக் குழந்தைகளைப் பழக்குங்கள். ஸால்மொனெல்லா கிருமி அதன் ஓட்டிலும் நீரிலும் இருக்கக்கூடும். வளர்க்க இயலாது போயினும் யமுனையில் விடாதீர்கள். அது நம் நாட்டு ஆமைகளின் வாழ்விடத்தைக் கவர்ந்துகொள்ளும். நட்சத்திர ஆமையை வீட்டில் வைத்திருப்பதோ, 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றமாகும்.

குழந்தையின் ஆசைக்காக ஓர் உயிரை வீட்டுக்குள் கொணர்ந்தோமாயின், அதன் குளிரைப் போக்குவது நம் கடமை. அக்கடமையால் வீட்டுக்குத் தீங்கு நேராமல் காப்பதும் நம் கடமையே.