வாய் திறவாத பாத்திரம்

ஒரு திரைப்படத்தைப் பற்றிப் பேச்சு எழுந்தால் நம்மிடையே பிறக்கும் முதற்கேள்வி, "யார் நடித்த படம்?" என்பதே. விடையாகக் கதாநாயகன் பெயர் ஒன்று போதும். மற்றவர் எல்லாரும் துணை நடிகர்கள்! 'துணை' என்ற நல்ல சொல்லையே இறக்கமாக ஒலிக்க வைத்துவிட்டோம். இது சரியன்று என்பது என் கருத்து. அதற்குச் சான்றாகப் போலந்து நாட்டு நடிகர் ஒருவரை உங்கள் முன் நிறுத்துகிறேன்.

அவர் பெயர் ஆர்தூர் பார்ச்சிஷ். 1956இல் கொகாவா என்னும் சிற்றூரில் பிறந்து, ஊட்ஜ் நகரத் திரைப்படக் கல்லூரியில் பயின்றவர். கீஷ்லோவ்ஸ்கி என்ற இயக்குநர் 1985இல் வெளியிட்ட 'முடிவின்றி' என்ற படத்தில், வேலைநிறுத்தம் நடத்திச் சிறைப்பட்ட தொழிலாளியாக நடித்தார். பின்னர் அதே இயக்குநர், விவிலியத்தின் பத்துக் கட்டளைகளை அடியொற்றித் தொலைக்காட்சிக்கென 10 படங்கள் எடுத்தார். அவற்றுள் எட்டில் பார்ச்சிஷ் வருகிறார். எட்டிலும் ஒரு வார்த்தை பேசுவதில்லை.

ஒரு படத்தில் டிராம் ஓட்டுகிறார். ஒன்றில் மருத்துவமனை ஊழியர். ஒன்றில் படகைச் சுமந்து நடக்கிறார். இன்னொன்றில் விரிவுரை கேட்கும் மாணவர். முதற்படத்தில் உறைந்த குளக்கரையில் தீ மூட்டிக் குளிர் காய்கிறார். அக்குளத்துப் பனிக்கட்டி சிறுவனின் எடையைத் தாங்கும் என்று அறிஞரான தந்தை கணிப்பொறியில் கணக்கிட்டுச் சொல்கிறார். பனி உடைகிறது, சிறுவன் மடிகிறான். இயற்பியல் மாணவனாகிய எனக்கு அந்தக் கணக்கு இன்னும் உறுத்துகிறது. ஆனால் அதைவிட உறுத்துவது, கரையில் அமர்ந்திருந்த அந்த மனிதரின் முகம்.

அவரைத் தேவதூதர் என்பர் சிலர். விதி என்பர் வேறு சிலர். நான் ஒப்பமாட்டேன். ஏழாம் படத்தில் அவர் வரும் காட்சி சரியாக அமையாததால் வெட்டிவிட்டதாக இயக்குநரே சொல்லியிருக்கிறார். தேவதூதரையும் கத்தரிப்பார்களா என்ன! வண்டி ஓட்டுபவர், சுமை தூக்குபவர் என்று எந்த ஊரிலும் இருக்கும் உழைப்பாளியாகவே நான் அவரைக் காண்கிறேன். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். என் தந்தையார் மூட்டை சுமப்பவர். அவர் நின்ற இடங்களில் பெரிய மனிதர்களுக்குள் எத்தனையோ வழக்குகள் நடந்திருக்கின்றன. நீ என்ன பார்த்தாய் என்று ஒருவரும் அவரைக் கேட்டதில்லை.

பேசத் தெரியாதவரல்லர் பார்ச்சிஷ். 1998 முதல் 2003 வரை 'தேன் ஆண்டுகள்' தொடரில் சாக்கடைத் தொழிலாளி நோரெக்காகவும், 2006இல் தொடங்கிய 'பண்ணை' தொடரில் சூழ்ச்சிக்கார ஊராட்சிச் செயலராகவும் நடித்துப் போலந்து மக்களைச் சிரிக்க வைத்தவர். அங்கும் முதல் நாற்காலி வேறொருவருக்கே. (டிராம் ஓட்டும் வேலைகூட நோரெக்கின் நண்பனுக்குத்தான்!)

ஐந்தாம் படத்துக்கு வருகிறேன். டாக்சி ஓட்டுநரைக் கொல்லப் போகும் இளைஞன் அதே வண்டியில் செல்கிறான். சாலையில் நில அளவைக் கோலுடன் நிற்கும் பார்ச்சிஷ் அவனைப் பார்த்து, வேண்டாம் என்பதுபோல் மெல்லத் தலையசைக்கிறார். அவன் இருளுக்குள் ஒதுங்கிக்கொள்கிறான். கொலை நடக்கிறது, தூக்குத் தண்டனையும் வருகிறது. சிறையில் மீண்டும் அவரைப் பார்க்கிறோம். தோளில் ஒரு ஏணி. இப்படத்தின் நீண்ட வடிவம் 1988இல் கான் விழாவில் நடுவர் குழுப் பரிசு பெற்றது. அவ்வாண்டு ஏப்ரலுக்குப் பின் போலந்தில் எவரும் தூக்கிலிடப்படவில்லை. 1997இல் இயற்றிய சட்டம் மரண தண்டனையையே நீக்கியது.

படத்தில் வரும் இளம் வழக்கறிஞரைப் புகழ்வோர் பலர். புகழட்டும். எனக்கோ அந்த ஏணிக்காரரைத்தான் நிறுத்தி, அந்தச் சுவருக்குள் நீங்கள் என்ன பார்த்தீர்கள் ஐயா என்று கேட்கத் தோன்றுகிறது.