புளிப்பு அன்னாசிக்கும் ஓர் இடமுண்டு

அன்னாசிப்பழம் ஒன்றை ஆசையோடு வாங்கி வந்து அரிகிறோம். வாயிலிட்டால் பல் கூசுகிறது. பிள்ளைகள் ஒரு துண்டோடு நிறுத்திக்கொள்கிறார்கள். அடுத்த முறை முழுப்பழமாக வாங்கி, அரிசிப் பானையில் இரண்டு நாள் வைத்து இனிக்கச் செய்யலாம் என்று எண்ணுகிறோம். அதனாலும் பயனில்லை. மாவும் வாழையும் பறித்த பின்னரும் பழுத்து இனிக்கும். அன்னாசியின் இயல்பு அப்படியன்று. செடியிலிருந்து வெட்டும்போது எவ்வளவு இனிப்பு இருந்ததோ அவ்வளவே. நாள் செல்லச் செல்லத் தோல் மஞ்சளாகலாம், இனிப்பு மிகாது.

ஆனால், காசு கொடுத்து வாங்கிய பழத்தைக் குப்பையில் எறிய வேண்டியதில்லை. உண்ணும்போது குறையாகத் தோன்றும் அந்தப் புளிப்பே ரசத்திற்கு நிறைவாகும்.

தென் அமெரிக்க மண்ணுக்குரிய இப்பழத்தைப் பதினாறாம் நூற்றாண்டில் போர்த்துக்கீசியர் நம் நாட்டிற்குக் கொண்டுவந்தனர். 'அன்னாசி' என்னும் பெயரும் அவர்கள் வழியாக வந்ததே. தக்காளியும் மிளகாயும் அவ்வாறே கடல் கடந்து வந்தவை. மிளகு நம்முடையது. விருந்தினராக வந்தவற்றை நம் மிளகுநீர் தன்னோடு சேர்த்துக்கொண்டது. அந்த மிளகுத்தண்ணீரே ஆங்கிலேயர் நாவில் 'முல்லிகட்டானி' என்னும் சூப்பாயிற்று.

பழத்தை அரியும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும். அன்னாசி அடியிலிருந்து மேல்நோக்கிப் பழுப்பதால், அடிப்பகுதி இனிப்பாகவும் கொண்டைப்பக்கம் புளிப்பாகவும் இருக்கும். அடிப்பகுதியைப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டு, மேற்பகுதியை ரசத்திற்கு ஒதுக்கலாம். கடினமான நடுத்தண்டையும் எறிய வேண்டாம். தட்டிப் புளிநீரில் கொதிக்கவிட்டுப் பின்னர் எடுத்துவிடலாம்.

ஐந்து பேருக்கு வேண்டியவை: பொடியாக அரிந்த அன்னாசி ஒரு கிண்ணம், துவரம்பருப்பு 50 கிராம், தக்காளி 2, சிறு கோலியளவு புளி, மிளகும் சீரகமும் வகைக்கு ஒரு தேக்கரண்டி, பூண்டு 3 பல், மஞ்சள்தூள், பெருங்காயம், உப்பு. தாளிக்க நெய், கடுகு, மிளகாய்வற்றல் 1, கறிவேப்பிலை.

பருப்பைக் குழைய வேகவைத்து, மூன்று கிண்ணம் நீர்விட்டுக் கரைத்துக்கொள்ளவும். மிளகு, சீரகம், பூண்டு ஆகியவற்றைக் கொரகொரப்பாகப் பொடிக்கவும். அன்னாசியில் பாதியை நசுக்கிச் சாறாக்கவும். இரண்டு கிண்ணம் புளிநீரில் பிசைந்த தக்காளி, மஞ்சள்தூள், பெருங்காயம், உப்பு சேர்த்துப் பச்சை வாசனை போகும்வரை கொதிக்கவிடவும். பின்னர் மீதி அன்னாசித் துண்டுகளை இட்டு ஐந்து நிமிடம் வேகவிடவும். பருப்புநீரையும் பொடியையும் சேர்த்து, சூடேறியதும் அன்னாசிச் சாற்றை ஊற்றவும். நுரை கட்டிப் பொங்கி வந்ததும் இறக்கித் தாளித்து, கொத்தமல்லித் தழை தூவி மூடிவிடவும். சாறு சேர்த்தபின் நெடுநேரம் கொதித்தால் பழத்தின் மணம் ஆவியோடு போய்விடும். சர்க்கரை வேண்டாம். புளிப்பு மிகுந்தால் மட்டும் சிறிது வெல்லம் போதும்.

பாத்திரத்திலும் விழிப்பு வேண்டும். கலாய் பூசாத பித்தளையில் புளிப்புப் பண்டம் களிம்பேறும். ஈயச்சொம்பு வெள்ளீயத்தால் ஆனதாக இருக்க வேண்டும். காரீயம் கலந்திருந்தால் அது ரசத்தில் இறங்கும். குழந்தைகளின் மூளை வளர்ச்சிக்குப் பெருந்தீங்கு செய்யும். ஐயமிருப்பின் எவர்சில்வர் அல்லது மண்சட்டியே நலம்.

பச்சை அன்னாசி நாவை அரிப்பதற்குக் காரணம் அதிலுள்ள புரோமிலைன் என்னும் நொதியாகும். கொதியில் அது செயலிழந்துவிடுவதால், பழத்தைத் தின்ன இயலாத முதியோரும் ரசத்தை அருந்தலாம். வயிற்றுப்புண் உள்ளவர்கள் புளிப்பைக் குறைத்துக்கொள்ள வேண்டும். நீரிழிவுடையோர் வெல்லத்தை விலக்கி, பழத்தையும் அளவாகக் கொள்ள வேண்டும்.

புலால் ஒதுக்கும் வெள்ளிக்கிழமைகளில் இது சோற்றுக்குத் துணையாகும். காய்ச்சல் விட்டும் வாய்க்கசப்பு நீங்காமல் உணவை மறுப்பவர் நம் இல்லத்தில் இருந்தால், இளஞ்சூடாக ஒரு குவளை கொடுத்துப் பார்ப்போம். அந்த மணமே சில வேளைகளில் பசியை எழுப்பும். அவர் இன்னும் கொஞ்சம் கேட்டால், புளித்த பழத்திற்குக் கொடுத்த காசு வீண்போகவில்லை.